ஒன்பதாயிரத்து எண்ணூற்று முப்பத்திரண்டு நாள்

பஸ்தி கலெக்டர் ஆபீஸ் மதிலை ஒட்டி
தகரக் கூரைக்கு அடியில் என் டைப்ரைட்டர்.
தாமதத்தைப் பொறுத்தருளக் கோரும் மனு
என் விரல்களுக்கு மனப்பாடம்.
"சென்ற மாதம் லேக்பால் சொல்லித்தான்
மனுதாரருக்கு மேற்படி உத்தரவு தெரிய வந்தது."
பதினெட்டு வருடமாக
எல்லோருக்கும் சென்ற மாதம்தான் தெரிய வருகிறது.
தேதியை மட்டும் மாற்றுவேன்.

இஸ்ராஜி தேவி வந்தது மார்ச்சில், வெயில் ஏறும் முன்.
யூரியா சாக்கில் தைத்த பை, அதற்குள்
நாலாக மடித்த சக்பந்தி நகல்.
வாய்க்கால் மேட்டில் ஒன்று, இலுப்பைக்குக் கிழக்கே ஒன்று,
இடுகாட்டுப் பாதையில் அரை பீகா:
இறந்த கணவனின் மூன்று துண்டுகள்.
ஊர் நிலத்தையெல்லாம் திரட்டிப் பிரித்துக் கொடுத்தபோது
மொத்தமும் போனது மூத்தார் லோச்சன் பெயருக்கு.
உத்தரவு தொண்ணூற்றொன்றில்.
சீராய்வுக்குக் கெடு முப்பது நாள்.
அது போக எண்ணிச் சொன்னேன் தொகையை.
திரிவேணி பாபு விசில் அடித்தார்.

"ஒவ்வொரு நாளுக்கும் காரணம் காட்டணும் அம்மா,
கோர்ட் அப்படித்தான் கேட்கும்."
வழக்கமான வாசகத்துக்கு முன்னால்
அவர் வழக்கமாகச் சொல்வது அது.
அவள் அதை நிஜமென்று எடுத்துக்கொண்டாள்.

அன்று சாயங்காலமே எனக்குத் தெரியும், என்றாள்.
அடுப்பு ஊதிக்கொண்டிருந்தேன்,
வெளியே ஆண்கள் பேசிக்கொண்டார்கள்.
மறுநாள் வந்திருக்கலாம்.
மறுநாளும் அந்த அடுப்பில்தான் எனக்குச் சோறு.
அடுத்த நாள் பையனுக்கு வலிப்பு.
தோளில் போட்டுக்கொண்டு
குவானோவை இடுப்புத் தண்ணீரில் தாண்டி
ஆஸ்பத்திரிக்கு ஓடினவர்
என் நிலத்தை எழுதிக்கொண்ட அதே மனுஷன்.
அந்த நாளுக்கு என்ன எழுதுவீர்கள்?
அவர் முன்னால் நான் முக்காடு விலக்கியதில்லை,
நேருக்கு நேர் ஒரு சொல் பேசியதில்லை.
தண்ணீர் வேண்டுமா என்பதையே
கதவிடம் கேட்பேன்.
வக்கீல் வைத்தா பேசுவது?

பிறகு பையனின் பரீட்சை, எருமை கன்று போட்டது,
பிறகு ஓரகத்தி படுக்கையில் கிடந்த வருடம்.
சில நாட்கள் சும்மாவே போயின, பாபு,
அவற்றுக்குக் காரணம் இல்லை.

கார்த்திகையில் அவர் போனார்.
தையில் அவர் மகன்கள்
செங்கல் சூளைக்கு மண் பேசிவிட்டார்கள்.
போன வாரம் எட்டிப் பார்த்தேன்.
இலுப்பையின் வேர்
அந்தரத்தில் நிற்கிறது, நாலடிக்கு.

"தெரியும் என்று எழுதினால் இன்றைக்கே தள்ளுபடி,"
என்று திரிவேணி பாபு
கோட்டை மாட்டிக்கொண்டு அடுத்த கோர்ட்டுக்குப் போனார்.
நான் அடித்தேன், சென்ற மாதம், லேக்பால்.
கைநாட்டுக்கு முன் படித்துக் காட்டுவது விதி.
படித்தேன்.

அவள் கட்டைவிரல், நீலம் பூசி,
தாளுக்கு ஒரு விரற்கடை மேலே நின்றது.
"யார் இவள்," என்றாள்,
"போன மாதம் தெரிந்துகொண்டவள்?"

டீக்காரப் பையன் கிளாஸை எடுத்துப் போனான்.
சாலையில் மண் ஏற்றிய டிராக்டர்
ஒன்றன்பின் ஒன்றாக. எங்கிருந்தோ,
எல்லாமே அவள் வயலிலிருந்து வரமுடியாது.
மை காய்ந்துவிட்டது. மறுபடி கேட்டாள், கொடுத்தேன்.
மறுபடி காய்ந்தது.

ஐந்து மணிக்கு மனு வாங்கும் ஜன்னல் அடைத்தார்கள்.
வெள்ளை தடவி, ஊதி,
இரண்டு இருந்த இடத்தில் மூன்று என்று அடித்தேன்.
பாபு கேட்டால் சொல்ல
ஏதாவது யோசிக்க வேண்டும்.
அவள் விரலைச் சேலையில் துடைத்துக்கொண்டு
கடைசி பஸ் எத்தனை மணிக்கு என்றாள்.