இருபத்தெட்டாம் அளவு

அங்கே தரை குலுங்கிய காலையில்
எனக்குப் பேரணாம்பட்டில்
கம்பெனி பஸ்ஸில் ஜன்னலோரம் கிடைத்தது.
முன் சீட்டு ரெஜினா போனை நீட்டினாள்.
ஒன்பது மாடிக் கட்டடம்
அடுக்கிவைத்த தோல் போலப் படுத்திருந்தது.
ஐயோ, என்றேன்.
அந்த ஐயோவுக்கு ஆயுசு
துத்திப்பட்டிலிருந்து பாலாற்றுப் பாலம் வரை.
அதற்கப்புறம்
இன்றைக்கு என்ன குழம்பு என்று கேட்டேன்.

டீ நேரத்தில் எண்ணூறு பேர்.
சாப்பாட்டு மணியில் மூவாயிரம்.
எங்கள் லைன் டார்கெட்டைவிட வேகமாக
ஏறிக்கொண்டிருந்தது.
ஜபீன் மட்டும் டப்பாவை மூடிவைத்துவிட்டு அழுதாள்.
இவளுக்கு அங்கே யார் இருக்கிறார்கள்,
சும்மா, என்று பேசிக்கொண்டார்கள்.
நானும்தான் பேசினேன்.
உண்டியல் வந்தது.
இருபது ரூபாய் போட்டேன்.
பத்து திருப்பி எடுக்கலாமா என்று
கை ஒரு கணம் அங்கேயே நின்றது.

மூன்றாம் நாள் சூப்பர்வைசர் தயாளன்
பேப்பரோடு வந்தார்.
அந்த தேசத்து ஆர்டர் நிறுத்தம்.
இந்த மாதம் ஓவர்டைம் கிடையாது.
எனக்குக் கோபம் வந்தது,
யார்மேல் என்று தெரியாத கோபம்.
சீட்டுப் பணம், கேஸ், பையனின் வேன் ஃபீஸ்.
அப்படித்தான் அது என் வீடு வரை வந்தது.

பேக்கிங்கில் நின்றுபோனவை
பள்ளிக்கூட ஷூக்கள்.
ஐந்து வயசுக் கால்.
நாலாயிரத்து முந்நூறு ஜோடி.
வாங்குகிறவர் எழுதியிருந்ததைத்
தயாளன் தமிழில் படித்தார்:
"இருபத்தெட்டாம் அளவு
இனி இத்தனை தேவைப்படாது."

மற்ற அளவுகளைப் பற்றி
ஒன்றும் எழுதவில்லை.

உள்ளே கைவிட்டு
நுனிவரை தடவிப் பார்ப்பது என் வேலை.
ஆணி, பிசிறு, பசைக்கட்டி
எதுவும் குத்தக் கூடாது.
பதினோரு வருஷப் பழக்கம்,
கை தானாகப் போனது.
ஒன்றும் குத்தவில்லை.
நல்ல தையல். மெத்தென்ற உள்தோல்.
மூன்று விரல்தான் போகும் அந்த நுனியில்.
எடுக்க வேண்டும் என்று தெரிகிறது,
எடுக்கவில்லை.

தயாளன் பார்த்தார். ஏதும் சொல்லாமல்
ஃபேனை என் பக்கம் திருப்பிவிட்டுப் போனார்.

அடுத்த ஜோடி வந்தது.
முப்பத்தொன்பது, பெண்கள் அளவு, வேறு தேசம்.
சோதித்து சீல் வைத்தேன்.

சாயங்கால பஸ்ஸில்
பின் சீட்டிலிருந்து யாரோ கேட்டாள்:
உனக்கு அங்கே யாரடி இருக்கிறார்கள்?
ஜபீன் திரும்பிப் பார்த்தாள்.
நான் ஜன்னலைப் பார்த்தேன்.
பாலம் வந்தது.
கீழே மணல், லாரித் தடம், நாலு எருமை.
பாலம் போனது.