காப்பு

எங்கள் பள்ளிக்கூடத்து வளையம்
தார்ப் பீப்பாயின் வாயை அறுத்து எடுத்தது.
கம்பம், ரயருக்குள் சீமெந்து ஊற்றி நிறுத்தியது.
வலைக்கு அப்பா
கிழிந்த சூடை வலையில் ஒரு முழம் தந்தார்.
விழுந்து வரும் பந்தில்
சிலவேளை ஒரு செதில் ஒட்டியிருக்கும்.

யாரும் கேளாமல் மிஞ்சிய சட்டை எனக்கு.
முகாமில் இருந்து கொண்டுவந்த நீலத் தறப்பாளில்
வெட்டித் தைத்த இரண்டு எழுத்து:
டபிள்யூ, டீ.
சான்றிதழில் 'பக்கக் காப்பு' என்று போட்டிருந்தார்கள்.
கோல் வட்டத்துக்குள் கால் வைத்தால் விசில்.
வளையத்தைத் தூரத்தில் இருந்து பார்த்தே
கழுத்து நிமிர்ந்தவள் நான்.

பிறகு கொழும்பில் ஒரு வங்கி.
நாலு மணி மட்டும் காசு எண்ணல்,
நாலரைக்கு மைதானம்.
தொழில்முறை ஆட்டக்காரி என்று பேப்பரில் வந்தது.
சம்பளச் சீட்டில்: எழுதுநர், தரம் மூன்று.

அதுவரை எனக்குத் தெரிந்த ஒரே சிங்களச் சொல்
நவத்தன்ன.
பஸ்ஸை நிறுத்திய சொல், சைக்கிளை நிறுத்திய சொல்,
ஒரு விடியப்புறம் அப்பாவை நிறுத்திய சொல்.
முதல் மச்சில் கப்டன் நிலூகா
பின்னால் நின்று கத்தினாள்: நவத்தன்ன!
நான் நின்றுவிட்டேன்.
கைகூடக் கொஞ்சம் உயர்ந்தது.
பந்து என்னைத் தாண்டிப் போனது.
அவள் நிறுத்தச் சொன்னது எதிராளியை.

விளங்கிய பிறகு
ஒன்பது வருடம் அந்தச் சொல்லுக்கு வேலை செய்தேன்.
மூன்றடி தள்ளி நின்று, கை உயர்த்தி.

கோல் போட்டவளுக்குப் புத்தகத்தில் கோடு விழும்.
போகாத பந்துக்கு நிரல் இல்லை.

கோலாலம்பூரில்,
ஆட்டத்தில்கூட இல்லை, பயிற்சியில்,
வலது முழங்கால்.
காய்ந்த பனைமட்டை முறிகிற மாதிரி ஒரு சத்தம்.
கொடிக்குக் கீழே எல்லாரும் நிற்கிற படத்தில்
ஓரத்தில் தெரிகிற ஐஸ் பை என்னுடையது.

இப்போது யாழ்ப்பாணக் கிளை.
அடகுப் பகுதி, மூன்றாம் கவுண்டர்.

போன வெள்ளி, பள்ளிக்கூடம் துவங்குகிற கிழமை, நல்ல சனம்.
கண்ணாடிக்கு அந்தப் பக்கம் ஒருத்தி
கைலேஞ்சியை அவிழ்த்து இரண்டு காப்பு வைத்தாள்.
அடையாள அட்டையில் பெயர் பார்த்தேன்: தவரூபி.
பருத்தித்துறைப் பள்ளிக்கூடத்து விங் அற்றாக்.
எலும்பும் தோலுமாய் இருந்தாலும் மின்னல் மாதிரி ஓடுவாள்.
நான் குனிந்து படிவம் நிரப்பினேன்.
தெரியாத மாதிரி இருந்தால் அவளுக்குச் சுகம் என்று நினைத்தேன்.

"பாசையூர் டபிள்யூ டீ தானே நீ?"

தலையாட்டினேன்.

"அண்டைக்கு உன்னால
பதினேழு பாஸ் போகேல்லை எனக்கு.
ராத்திரி படுத்திருந்து எண்ணினனான்."

பின்னால் நின்றவர் செருமினார்.
அவள் சிரித்தாள், ஒரு பக்கப் பல் இல்லை.
"எவ்வளவு தருவியள்?" என்றாள்,
அதுவரை 'நீ' என்று கதைத்தவள்.

காப்பு இரண்டையும் எடுத்தேன்.
அவளின் சூடு இன்னும் இருந்தது.
நிறுக்கிற தராசு அடுத்த மேசையில்.
பந்து கையில் இருந்தால்
நடக்கக் கூடாது,
மூன்று நொடிக்குள் விட்டுவிட வேண்டும்.

நொண்டி நொண்டி நடந்தேன்,
கையில் வைத்துக்கொண்டு.
ஒருவரும் விசில் ஊதவில்லை.