நிகழ்ச்சி நிரலில் முதல் பொருள்

செவ்வாய்க்கிழமை கடலில் வலை வீசக் கூடாது.
அபான்சா கரையில் யாரும் எழுதி வைக்காத சட்டம் இது.
அன்று வேலையற்றுப் போன இருபது படகோட்டிகள்
வலை காயும் மணலில் பந்து உதைத்தார்கள்.
அதுதான் எங்கள் கிளப்.

கோக்கோ மூட்டை சுமந்த கூலியில்
மூன்று ஷில்லிங் குறைந்ததற்கு ஈடாக
கப்பல் மாலுமி ஒருவன் தூக்கி எறிந்த பந்து.
முதல் நோட்டின் முதல் வரி
எக்கோ மின்ட்டாவின் சாய்ந்த எழுத்தில்:
"வரவு, பந்து ஒன்று. காற்று பாதி."

நான் பதினோராவது செயலாளர், அராபா ஒட்டூ.
முதல் பெண் என்று யாரும் பெருமை பேசவில்லை.
எழுத்து புரிகிறது என்றார்கள்,
அது போதும்.

மாவு மூட்டையைக் கிழித்துத் தைத்த சட்டைக்கு
நீலச் சாயம் தோய்த்தோம்.
முதல் மழையில் சாயம் தோளுக்கு இறங்கியது.
"நீலத்தோலா!" என்று எதிர்க்கரை கூவியது.
சாயம் நிற்கவில்லை,
பெயர் நின்றுவிட்டது.

பிறகு லீக் வந்தது, ஞாயிற்றுக்கிழமைகளோடு.
ஆகஸ்டில் சாளை கூட்டம் கூட்டமாய் வரும்போது
எங்கள் கோலி நடுக்கடலில் இருப்பான்,
இடதுபக்க ஆட்டக்காரன் அவனுக்குத் துடுப்புப் போடுவான்.
ஏழு பேரோடு இறங்கிய ஓர் ஆட்டத்தைப் பற்றி
நோட்டு சொல்வது:
"பூஜ்ஜியம், ஆறு. மீன் நல்லது."

கொடி மாறிய வருடம்.
இறுதி ஆட்டம், ரயில்வேக்காரர்களோடு.
எண்பத்தெட்டாவது நிமிடம்
எபோ டடுவா அடித்த பந்து
கம்பத்தின் குறுக்குக் கட்டையில் பட்டு
செங்குத்தாய்க் கீழே விழுந்தது.
கோட்டுக்கு உள்ளேயா, வெளியேயா?
நடுவர் குனிந்து பார்த்தார்.
கோடு இல்லை.
மரவள்ளி மாவில் போட்ட கோடு,
இடைவேளையில் ஓர் ஆடு நக்கியிருந்தது.

ஆட்சேபம் அனுப்பினோம்.
"பரிசீலனையில்" என்று பதில் வந்தது.
சங்கம் மூன்று முறை பெயர் மாற்றிக்கொண்டது,
அந்தப் பதில் மட்டும் மாறவில்லை.

தொலைவில் ஆழத் துறைமுகம் கட்டினார்கள்.
கப்பல்கள் எங்கள் அலையை மறந்தன.
ஆட்டக்காரர்கள் லாரி ஏறினார்கள்.
இரண்டாம் பிரிவு, மூன்றாம் பிரிவு,
அதற்குக் கீழே பெயரில்லாத ஒன்று.
பஞ்ச வருடத்துக்கு ஒரே ஒரு வரி:
"பந்து இருக்கிறது. ஓடத்தான் யாருக்கும் வயிறு இல்லை."
அந்த மாதமே லாகோஸ் விரட்டியவர்கள் திரும்பி வந்தார்கள்,
மூட்டை முடிச்சுகளோடு
இரண்டு கோலிகள், ஓர் ஊதுகொம்பு.

ஆண்டுக் கூட்டம் இன்றும் செவ்வாயில்தான்.
முதல் பொருள், அறுபத்தெட்டாவது முறையாக,
எபோ டடுவாவின் கோல்.

"ரயில்வே அணியே கலைந்துவிட்டது,
தண்டவாளத்தில் புல் முளைத்துவிட்டது.
இதை நீக்கிவிடலாமே" என்றான்
புதிய உறுப்பினன், ஃபீஃபி.
யாரும் வாய் திறக்கவில்லை.
மீன் புகை மணக்கும் கைகளால்
பொருளாளர் மான்சா சில்லறையை மறுபடி எண்ணினாள்.

கடைசி வரிசையிலிருந்து
எபோ டடுவா இருமினார்.
"வெளியேதான் விழுந்தது.
எனக்கு அன்றைக்கே தெரியும்."

மின்விசிறியின் சத்தம் மட்டும் கேட்டது.
தலைவர் கண்ணாடியைத் துடைத்தார், மாட்டினார்,
மறுபடி துடைத்தார்.
"உறுப்பினர் டடுவா சம்பந்தப்பட்ட தரப்பு.
அவர் சாட்சி செல்லாது" என்றார்.
அப்படி ஒரு கைதட்டலை
அந்தக் கூரை எந்த வெற்றிக்கும் கேட்டதில்லை.
எபோவும் தட்டினார்.

நான் எழுதினேன்:
முதல் பொருள், ஒத்திவைக்கப்பட்டது.
பேனாவை மூடும்போது
ஜன்னலுக்கு வெளியே பையன்கள்
மாவைத் தூவிக் கோடு போட்டுக்கொண்டிருந்தார்கள்.
"ஆட்டைக் கட்டியாச்சா?"
என்று கேட்டான் ஒருவன்.