சாமவலசை ரீடிங்

இரண்டு மாதத்துக்கு ஒருமுறை
சாயல்குடியில் பதினோரு மணி பஸ் பிடித்து
கருவேலங்காட்டு விலக்கில் இறங்கி
செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு
மணலில் நடப்பேன்.
எண்ணினால் நாற்பத்திரண்டு வீடு.
பதிவேட்டில் நாற்பத்தொன்று.

முதல் வருடம் கதவைத் தட்டினேன்.
அப்புறம் தட்டுவதில்லை.
முழுசாக விழித்துவிடுவார்களோ என்று பயம்.
விழித்த ஆளை அங்கே நான் பார்த்ததில்லை.
உறங்கிய ஆளையும்.

இமை பாதி இறங்கியிருக்கும்,
கரையேற்றிய வத்தைமேல் அரைகுறையாய் இழுத்த
தார்ப்பாய் மாதிரி.
அப்படியே மீன் அரிவார்கள், விரல் அறுபடாது.
அப்படியே விரல்களில் துணி சுற்றிக்கொண்டு
பாசி எடுக்க இறங்குவார்கள்.
"தண்ணிக்குள்ள யாரு சார் முழிச்சிருக்கா?"
என்று கேட்டாள் பிரகாசியம்மாள்,
நான் ஒன்றும் கேட்காதபோதே.

அவர்கள் கணக்கு வேறு.
கனவில் வாங்கிய கடன் செல்லும்.
நைனார் முகம்மது ஒரு ராத்திரி கனவில்
சவேரி மிக்கேலின் நண்டுவலையை அறுத்துவிட்டு
காலையில் ஊசியும் நூலுமாக வந்து உட்கார்ந்தார்.
யாருடைய கனவென்று ஒருவரும் விசாரிக்கவில்லை.
வலை நிஜமாகவே அறுந்திருந்ததா என்றேன்.
"தைச்சு முடிக்கட்டும், பாத்துச் சொல்றேன்."

கடைசி வீட்டில் ஒரே ஒரு பல்பு,
எரிந்து நான் கண்டதில்லை. நூற்றுப் பத்து யூனிட்.
"கனவுல லைட்ட அமத்த மறந்துட்டேன்"
என்று அந்தப் பெண்
நூறு இலவசம் போக
பத்து யூனிட்டுக்குச் சில்லறை எண்ணித் தந்தாள்.

மாசியில் நாலு பேர் கோட்டைத் தாண்டிவிட்டார்கள்.
கடலில் ஏது கோடு,
ஜிபிஎஸ் பெட்டிக்குள் சிவப்பாய் ஒன்று.
எந்த இடத்தில் தாண்டினாய் என்றார்களாம்.
"நாங்க தாண்டல, அது எங்களத் தாண்டிருச்சு"
என்றானாம் நம்புவேல்.
அக்கரைச் சிறையில் இருபத்தாறு நாள்.
ராவெல்லாம் தலைக்கு நேரே டியூப் லைட்.
அந்த வெளிச்சத்தில் அவனுக்குத்
தூக்கம் தனி, விழிப்பு தனி என்று
பிரிந்துபோனது, திரிந்த பால் மாதிரி.

மற்ற மூவரும் கரை தொட்டதும் பழையபடி ஆனார்கள்.
பங்குனியில் நான் போனபோது
அவன் மட்டும் முழுக்கண்ணோடு உட்கார்ந்திருந்தான்.
அந்த ஊரில் என்னை நேராகப் பார்த்த
முதல் ஆள்.

"சார், எங்கய்யா செத்து எத்தன வருசம்?"
எனக்கெப்படித் தெரியும்.
"போன மாசம்வர எங்கூடத்தான் கடலுக்கு வந்தாரு.
இப்ப வத்தையில அவரு இடம் சும்மாக் கெடக்கு.
ஊரே அவருகிட்டப் பேசுது.
எனக்கு மட்டும் தெரியல."
பூமயில் மாமனாருக்குச் சோறு வைக்கிறாளாம்.
அதுகூடப் பரவாயில்லையாம்.
தட்டில் சோறு குறைகிறதாம்.

"கரண்ட்டக் கட் பண்ணிருங்க சார்.
என் வீட்டுல வெளிச்சமே வேண்டாம்."
மனு எழுதணும், ஆபீசுக்கு வரணும்,
டெபாசிட் ரசீது வேணும் என்றேன்.
அவன் கண்ணை மூடப் பார்த்தான்.
பாதிவரை வந்து
மேலே போய்விட்டது இமை.
மேற்கொண்டு பேசாமல்
ஃப்யூஸ் கட்டையைப் பிடுங்கிப் பையில் போட்டுக்கொண்டேன்.
வேலை போகிற காரியம்.

அந்த இரண்டு மாதமும்
வீட்டில் பையை ஆணியில் மாட்டினால்
லேசாகச் சூடு தெரியும்.
மனைவியிடம் சொல்லவில்லை.

வைகாசி. அனல்காற்று. விலக்கில் இறங்கும்போதே
எனக்குக் கொஞ்சம் கண்ணைச் சொருகியது.
நம்புவேல் வத்தை ஓரமாய் உட்கார்ந்து
வலையிலிருந்து நண்டு கழற்றிக்கொண்டிருந்தான்,
இமை பாதி இறங்கி,
பக்கத்தில் ஓர் ஆள் உட்காரும் அளவு
இடம் விட்டு.
என்னைப் பார்க்கவில்லை.

ஃப்யூஸ் கட்டை என் பையில்தான் இருந்தது,
தொட்டுப் பார்த்தேன்.
மீட்டர் ஏழு யூனிட் ஓடியிருந்தது.

ஏழு என்றே எழுதினேன்.
நூறு வரை இலவசம்தானே.