வெட்டி எடுத்த மூச்சுகள்

ப்ரிமிதிவா கொல்கே
ஒரு வாக்கியத்துக்கு இரண்டு முறை மூச்சு வாங்குவாள்.
நாலாயிரம் மீட்டர் உயரத்தில் எல்லோரும் அப்படித்தான்,
ஆனால் வானொலிக்கு அது ஆகாது என்றார் இயக்குநர்.
ஆகவே பிளேடால் நாடாவை அறுத்து
மூச்சை எடுத்துவிட்டு ஒட்டுவேன்.
எனக்குச் சம்பளம் அதற்குத்தான்.

காலை ஐந்தரைக்கு அறிவிப்புகள், நேரலையில்:
மேல்கரை தொன் ஃபவுஸ்தினோவுக்கு,
உங்கள் லாமா பாலத்தருகே நிற்கிறது, காது கிழிந்தது.
இரண்டாம் ஷிப்டு ரூபெர்த்தோவுக்கு,
பெண் பிறந்திருக்கிறாள், வரும்போது சர்க்கரை.
முதலில் கெச்சுவாவில், பிறகு ஸ்பானிய மொழியில்.
கெச்சுவாவில் சொல்லும்போது சிரிப்பாள்.
ஸ்பானியத்துக்கு நாற்காலியை முன்னால் இழுத்துக்கொள்வாள்.

அறிவிப்புத் தாள்களின் பின்பக்கம் வெறுமையாக இருந்தது,
அதனால் நாவல் எழுதினாள்.
இலக்கிய விழாக்களில் வேறு காரணம் சொன்னாளாம்.
முதல் நாவலில் ஒரு லாமா தொலைகிறது,
முந்நூறு பக்கம் தேடியும் கிடைக்கவில்லை.
தொன் ஃபவுஸ்தினோ நிலையத்துக்கே வந்து கேட்டார்:
என்னுடையது கிடைத்துவிட்டதே,
ஏன் பொய் எழுதினாய்?

சிப்பாய்கள் வந்த குளிர்காலத்தில்
ஒலிபரப்பியை இரண்டாகக் கழற்றினோம்.
ஒரு பாதியைப் போர்வையில் கட்டி
குழந்தைபோல் முதுகில் சுமந்து
சோதனைச் சாவடிக்கு நடந்தாள்.
ஆணா பெண்ணா என்றான் சிப்பாய்.
இன்னும் பேசவில்லை என்றாள்.

இந்தக் கதைதான் அவளை நாடாளுமன்றம்வரை கொண்டுபோனது.
வாக்குக் கேட்டுப் போன வீடுகளில்
குரலுக்குக் கதவு திறந்தது.
முகத்தைப் பார்த்து
இவ்வளவு குள்ளமா என்றார்கள்.

லா பாஸிலிருந்து ஒரே ஒரு கடிதம்:
இங்கே கை தூக்கிக் காத்திருக்க வேண்டும், எலியோ.
என் முறை வரும்போது சொல்ல வந்தது ஆறிப்போகிறது.
சுருக்கெழுத்தாளர் என் மூச்சைக்
குறித்துக்கொள்வதே இல்லை.
உனக்குப் போட்டி வந்துவிட்டது.

பிறகு வெள்ளீயத்தின் விலை விழுந்தது.
சுரங்கத்தை மூடும் சட்டத்துக்கு
எழுபத்தொரு பேர் ஆதரவு.
ஐந்தரை அறிவிப்பில் பெயர்களைப் படிக்கவேண்டும்.
ஆளில்லை, நானே படித்தேன்,
கண்ணாடிக்கு அந்தப் பக்கம் நின்று
விரல் காட்டியே பழகியவன்.
கொல்கே, ப்ரிமிதிவா. ஆதரவு.
அந்தப் பெயருக்கு முன்னால் நான் இழுத்த மூச்சை
யாரும் வெட்டவில்லை.

ஏன் என்று அவளைக் கேட்டதில்லை.
இழப்பீடு இரட்டிப்பாகும் என்று நம்பினாள் என்கிறார்கள்.
கட்சி கழுத்தைப் பிடித்தது என்கிறார்கள்.
ரூபெர்த்தோ குடும்பத்தோடு லாரி ஏறித்
தாழ்நிலத்துக்குப் போனான்.
அந்தப் பெண்ணுக்கு அப்போது ஒன்பது வயது.
ரேடியோவை மடியில் வைத்திருந்தாள், அணைத்து.

அடுத்த தேர்தலில் எங்கள் ஊரில் அவளுக்குப் பதினோரு வாக்கு.
அதில் ஒன்று என்னுடையது என்று நினைக்கிறாள்.
நினைக்கட்டும்.

கடைசி நாவல் தபாலில் வந்தது, கையெழுத்தில்லாமல்.
அதில் சுரங்கம் இல்லை, சட்டம் இல்லை.
வானொலி நிலையத்தில் ஒருவன்
ஒருத்தியின் மூச்சுகளை வெட்டி வெட்டி
கோக்கா இலை டப்பாவில் சேர்த்துவைக்கிறான்.
நான் அப்படிச் செய்ததே இல்லை.
கூட்டிக் குப்பையில் போட்டேன்.
இருநூற்றுப் பன்னிரண்டாம் பக்கத்தில்
அவன் துண்டுகளை ஒட்டி ஓடவிடுகிறான்:
நாற்பது நிமிடம், ஒரு சொல்லும் இல்லை,
யாரோ மலையேறுவதுபோல,
இல்லை, எதையோ சொல்லத் தொடங்கி
தொடங்கி விடுவதுபோல.
அத்தியாயம் அங்கேயே நிற்கிறது.

நிலையம் இப்போது கோழித்தீவனக் கிடங்கு.
போன வாரம் போய்
மேசை இடுக்கில் விரல் விட்டுப் பார்த்தேன்.
ஒட்டுநாடாவில் சிக்கி நகமளவு ஒன்று இருந்தது.
அவளுடையதோ, இயக்குநர் இருமியதோ, தெரியாது.
ஓட்டிக் கேட்க எந்திரமும் இல்லை.
சட்டைப்பையில்
சில்லறையோடு கிடக்கிறது.