கல்லைக் குருடென்று சொல்வதில்லை

சுண்ணாம்பு மலைக்குள் நூற்றுப் பதினேழு படி.
வெள்ளை அங்கியை முழங்காலுக்கு மேல் செருகிக்கொண்டு இறங்கினேன்.
ரப்பர் பூட்ஸ் இரவல், ஓர் அளவு பெரிது.
“தலை, விங்கோ சாமி,” என்றாள் தாதேயா,
இடித்த பிறகு.

நேற்று லூப்லியானாவில் ஆறு மாணவருக்குப் பாடம்.
எழுநூறு ஆண்டுப் பழைய லத்தீன்,
பூண்டு உரிப்பது போல் சொல் சொல்லாய் உரித்தேன்:
கல்லுக்குக் கண் இல்லை. அது இன்மை.
ஒரு குதிரைக்குக் கண் இல்லை. அது இழப்பு.
இருக்க வேண்டியது இல்லாதபோதுதான் குருடு.
தீமையும் அப்படியே; அது ஒரு பொருளல்ல,
நன்மை நின்றிருக்க வேண்டிய இடத்தில்
விழுந்த பள்ளம்.
கடைசி பெஞ்சில் ஒருவன் கேட்டான்:
“வேண்டியது என்று யார் சொன்னது?”
மணி அடித்தது.
நன்றி, மணியே.

இங்கே மணி இல்லை.
பதினோரு டிகிரித் தண்ணீர். சிவப்பு டார்ச்.
தொட்டியில் வெளிறிய ஒரு சாண் உடல்,
கழுத்தோரம் பவளக் கொத்தாய்ச் செவுள்,
முன்காலில் மூன்று விரல், பின்காலில் இரண்டு.
மனிதமீன் என்போம் இதை, தோல் நிறம் பார்த்து.
(“எந்த மனிதன்?” என்பாள் தாதேயா, “நம் நிறத்துக்காரன் மட்டுமா?”)
வெள்ளம் இவற்றை வெளியே துப்பிய காலங்களில்
டிராகன் குட்டிகள் என்று ஊர் சிலுவை போட்டுக்கொண்டது.
கண்ணிருக்க வேண்டிய இடம்
வழித்த மாவு போல் மொழுமொழு.

கண்ணிருக்க வேண்டிய இடம்.
பாருங்கள், என் நாக்கே வழுக்குகிறது.

“இது குருடா?” என்றேன்.
“உங்கள் கணக்குப்படி?”
“இதன் இயல்பிலேயே கண் சேராது என்றால்
கல் மாதிரிதான். குருடல்ல.”
பதில் சொல்லாமல் அடுத்த தொட்டிக்கு நகர்ந்தாள்.

நூற்றிருபது நாள் முட்டைக்குள் கிடந்து
முந்தாநாள் பொரிந்த குஞ்சு.
உருப்பெருக்கியில் இடது கண்ணை வைத்தேன்.
வலதில் இரண்டு வருடமாய்ப் புகை;
அசல் இழப்பு அது,
மருத்துவர் கையெழுத்தே இருக்கிறது.
அங்கே, இருளின்கண்,
ஒரு கண்.
கடுகில் பாதி. கறுப்பு.
வட்டமாய், தீர்மானமாய்,
பார்க்கத்தான் போகிறேன் என்பது போல.

“சில மாதம்தான்,” என்றாள். “வளர்ச்சி நிற்கும்,
மேலே தோல் மூடிக்கொள்ளும்.
ஒவ்வொரு குஞ்சும் இப்படித்தான், கண்ணைத் தொடங்கும்,
பிறகு வேண்டாமென்று விட்டுவிடும்.”
“வேண்டாமென்று யார் சொன்னது?”
கேட்ட பிறகுதான் குரல் அடையாளம் தெரிந்தது,
கடைசி பெஞ்சு.
“யாருமில்லை. இருட்டில் கண் வெறும் செலவு.
லட்சோப லட்சம் வருடத்துச் செலவுக்கணக்கு.”

என் ஆசான்களுக்கு இனங்கள் எண்களைப் போல.
ஒன்று கூட்டினால் வேறு எண், கழித்தால் வேறு எண்.
எண்ணும் நடக்கும் என்று யாரும் அவர்களிடம் சொல்லவில்லை;
மூன்றுக்கும் நான்குக்கும் நடுவே
ஈரமாய், நாலு காலோடு
ஏதோ நீந்துகிறது என்று.
ஆனாலும் அவர்களே ஒரு சொல்லை வைத்துவிட்டுப் போனார்கள்,
ஆகக்கூடியது.
இருப்பதற்கும் இல்லாததற்கும் இடையில்
நாற்காலி போட்டு அதை உட்காரவைத்தார்கள்.
ஆகக்கூடிய ஒன்று, ஆகாமல் போயே
முழுமை பெறுமா?
அந்தப் பக்கத்தை எத்தனை முறை புரட்டியிருக்கிறேன்.
ஓரத்தில் எலி கடித்த தடம்தான் இருக்கிறது.

தாதேயா வெள்ளை விளக்கை ஒரு நொடி போட்டாள்.
கண்ணில்லாத பெரியது சட்டென வால் சுழற்றிக்
கல்லடியில் புகுந்தது.
“தோலுக்குத் தெரியும்,” என்றாள், “கொஞ்சம்.”
விளக்கு என் வலப்பக்கம் இருந்தது.
எனக்கு முன்னால் அது கண்டுகொண்டது.

செவ்வாய்க்கிழமை அந்தப் பையன் மறுபடி வருவான்.
மணிக்கு முன்பே கை தூக்குவான்.

ஏறும்போதும் அதே பாறை, அதே தலை.
இம்முறை வலப்பக்கம்.