பதினொரு வரி

அவர் படங்களுக்கு நான் ஒலிப்பதிவாளன்.
படங்கள் என்பது மரியாதைப் பன்மை;
எடுத்தது இரண்டுதான், அறுபத்திரண்டு வயதுக்கு மேல்.
அதற்கு முன் முப்பத்தெட்டு வருடம்
மொந்தேவீதேயோ மாலைப் பத்திரிகையில்
எலாடியோ பெந்தான்கோர் என்ற பெயரைப் பார்த்தால்
தயாரிப்பாளர்கள் காப்பியைக் கீழே வைத்துவிடுவார்கள்.

மூன்றாம் வரிசை, ஓர நாற்காலி.
கழற்றாத மழைக்கோட்டு, இரண்டாம் பட்டன் இல்லை.
இருட்டிலேயே எழுதுவார்,
வரிமேல் வரி ஏறிக் கிடக்கும்.

பிறகு வரலாறு எழுதினார், இரண்டு தொகுதி.
அடிக்குறிப்பு நாற்பத்தாறு:
ஐம்பத்தேழில் வந்த ரயில்வே படத்துக்குப்
பிரதி எதுவும் மிஞ்சவில்லை.
நெகட்டிவைச் சீப்புக் கம்பெனிக்கு விற்றுவிட்டார்கள்.

மிஞ்சியது அவருடைய விமர்சனம்.
பதினொரு வரி.
எட்டாவது வரி கதாநாயகிக்கு:
"இந்தப் பெண்ணைவிட
சிலீப்பர் கட்டைகள் நன்றாக நடிக்கின்றன."

பைசாந்துக்குப் பேருந்தில் ஐந்தரை மணி நேரம்.
வழியெல்லாம் மாடுகள், அவர் ஒரு வார்த்தை பேசவில்லை.
ஒதீலியா ராமல்யோ, தையல் கடை.
ஆறு ஏறி வந்த கோடு
சுவரில் என் தோள் உயரத்துக்கு இருந்தது.
மாத்தே குடுவையை அவரிடம் நீட்டினாள்,
அப்புறம் என்னிடம்,
அப்புறம் கேமராக்கார வாஷிங்டனிடம்.
எல்லோருக்கும் ஒரே குழல்.

மெஷின் இழுப்பறையிலிருந்து
பிளாஸ்டிக் உறை போட்ட காகிதத்தை எடுத்தாள்.
"வாசியுங்கள். உங்கள் குரலில் கேட்டதில்லை."

ஹெட்போனில் எனக்குக் காகிதம் நடுங்குவதுதான்
முதலில் கேட்டது.
ஏழாம் வரி முடிந்து செருமினார்.
ஒன்பதுக்குத் தாவினார்.
"ஒன்று விட்டுப்போச்சு," என்றாள்,
ஊசியில் நூல் கோத்தபடி.
வாசித்தார்.

"அசையாதே என்றார்கள்," என்றாள் பிறகு.
"பின்னால் நிஜ ரயில். நகர்ந்தால் ஃபோகஸ் போய்விடும்.
நல்ல லென்ஸ் வாங்கக் காசில்லை.
ஆறு மணி நேரம் நின்றேன் ஐயா.
மூக்கில் ஈ உட்கார்ந்தது. அதைக்கூட விரட்டவில்லை."

யாரும் எதுவும் சொல்லவில்லை.
தெருவில் ஒரு மோட்டார் சைக்கிள் கிளம்ப மறுத்தது
(அந்தச் சத்தத்தை நான் கடைசிவரை அழிக்கவில்லை).

"அதை இப்படிக் கொடு," என்று
வாஷிங்டன் தோளிலிருந்து கேமராவை வாங்கினாள்.
எலாடியோவை நோக்கித் திருப்பினாள்.
"அசையாதீர்கள்."

நாற்பது விநாடி.
நெற்றி வெட்டுப்பட்டிருந்தது, வெளிச்சம் பாழ்,
பாதி நேரம் கோட்டுதான் தெரிந்தது.
வேறு யாராவது எடுத்திருந்தால்
அவர் கிழித்துத் தோரணம் கட்டியிருப்பார்.
எடிட்டிங் மேசையில் வாஷிங்டன் கெஞ்சியும்
ஒரு ஃபிரேம் குறைக்கவில்லை.

படம் வந்தது.
ஒரு பொடியன் எழுதினான்:
"நடுவில் யாரோ ஒரு கிழவர்
நாற்பது விநாடி மரம் மாதிரி நிற்கிறார், ஏனோ."

வெட்டி எடுத்து
பைசாந்துக்குத் தபாலில் அனுப்பினார்.

மூன்று வாரம் கழித்து ஓர் உறை வந்தது.
கடிதம் இல்லை.
ஒரு பட்டன், நான்கு துளை, பழுப்பு.
கோட்டு கறுப்பு.

அவருக்கு ஊசி பிடிக்கத் தெரியாது.
நான்தான் தைத்தேன்.